மங்கா படித்தே ஜப்பானியம் கற்பது: முதல் எழுத்திலிருந்து முதல் புத்தகம் முடியும்வரை

உச்சிப்புளியில் எங்கள் வீட்டுத் திண்ணைக்கு மாலையில் ஏழெட்டுப் பிள்ளைகள் ஜப்பானியம் படிக்க வருகிறார்கள். பாம்பனில் விசைப்படகுக்குப் போகும் பையன்கள், நர்சிங் முடித்துவிட்டு ஜப்பானில் முதியோர் பராமரிப்பு வேலைக்குத் தயாராகும் தங்கச்சிமடத்துப் பெண்கள், அனிமே என்னும் ஜப்பானியக் கார்ட்டூன் பார்த்து ஆசை வந்த பள்ளிப் பிள்ளைகள் என்று பல வகை. எல்லாருக்கும் மங்கா என்னும் ஜப்பானியப் படக்கதை மேல் ஒரு கண். எல்லாரும் ஏறத்தாழ மூன்றாவது பக்கத்திலேயே நின்றுவிடுகிறார்கள். பார்த்தவரை, அதற்குக் காரணம் வரிசை மாறிப்போவதுதான். எதை முதலில் செய்ய வேண்டும், எதைத் தள்ளிப்போட வேண்டும், ஏன் என்பதை இங்கே எழுதியிருக்கிறேன்.

ஜப்பானியச் சொற்களை இங்கே தமிழ் எழுத்தில் தந்திருக்கிறேன். சொல்லை அடையாளம் காட்டுவதற்கு மட்டும்தான் அது. உங்கள் நோட்டில் அப்படி எழுத வேண்டாம். காரணம் மூன்றாம் பகுதியில்.

1. தொடங்கும் முன் கையில் இருக்க வேண்டியவை

ஒரு பாடப்புத்தகம். மங்கா பாடப்புத்தகத்துக்கு மாற்று கிடையாது, அதற்கு அடுத்த படி. நாங்கள் வைத்திருப்பது மின்னா நோ நிஹோங்கோ. இரண்டு பாகம், 50 பாடம்.

போனில் இணையம் இல்லாமலும் வேலை செய்யும் ஓர் அகராதி. தகொபொதோ செயலி போதும். சிக்னல் இல்லாத இடத்தில் ஒரு சொல் தெரியாமல் நின்றால் அன்றைய வாசிப்பு அதோடு முடிந்துவிடும். அதில் பொருள் ஆங்கிலத்தில்தான் இருக்கும். அதைத் தமிழாக்குவது உங்கள் வேலை.

நீளமான நோட்டு ஒன்று, மறந்துபோகும் நேரம் பார்த்துச் சொல்லைத் திரும்பக் காட்டும் ஆங்கி செயலி. ஆண்ட்ராய்டில் இலவசம்.

அப்புறம் நேரம். ஒரு நாளைக்கு ஒரு மணி நேரம், நாள் தவறாமல். படகுக்குப் போகிறவர்களுக்கு மீன்பிடித் தடைக்காலம் நல்ல வாய்ப்பு. ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் விசைப்படகு கரையில்தான் நிற்கும். முதல் மூன்று வாரம் எழுத்து, பாக்கி ஐந்தரை வாரம் இலக்கணம் என்று உட்கார்ந்தால், கடலுக்குத் திரும்பும்போது மங்காவின் முதல் பக்கத்தைத் திறக்கலாம்.

2. முதலில் ஹிராகனா, உடனே கட்டகனா

ஹிராகனாவில் அடிப்படை எழுத்து 46, கட்டகனாவிலும் 46. இரண்டும் ஒரே ஒலிகளுக்கான இரண்டு எழுத்து வரிசைகள். ஹிராகனாவோடு நிறுத்திக்கொண்டு மங்காவுக்குப் போவதுதான் நான் அதிகம் பார்க்கும் முதல் தவறு. சத்தம், கத்தல், வெளிநாட்டுச் சொல், சில ஆட்களின் பெயர் எல்லாம் மங்காவில் கட்டகனாவில்தான் இருக்கும். அது தெரியாவிட்டால் பக்கத்தில் பாதி இருட்டு.

மனப்பாடம் செய்ய நமக்கு ஒரு வசதி இருக்கிறது. ஜப்பானிய உயிர் வரிசை அ, இ, உ, எ, ஒ. நம் குறில் ஐந்தும் இதே வரிசையில்தான் வருகின்றன. மெய் வரிசை க, ஸ, த, ந, ஹ, ம, ய, ர, வ. நம் க, ச, த, ந, ப, ம, ய, ர, வ வரிசையோடு வைத்துப் பாருங்கள். ப இருக்க வேண்டிய இடத்தில் ஹ நிற்கிறது, அவ்வளவுதான். அந்த ஹ எழுத்தின் தலையில் சின்ன வட்டம் போட்டால் அதுவே ப ஆகிவிடும். ஆகவே அட்டவணையைப் புதிதாக உருப்போடத் தேவையில்லை, அகராதியில் சொல் தேடுவதும் முதல் நாளே கைவந்துவிடும்.

ஒன்றுபோலத் தெரியும் எழுத்துகளைத் தனியாக எடுத்துப் பழகுங்கள். ஹிராகனாவில் நு, மெ இரண்டும் ஒரே முகம்; நு-வின் வால் முடியும் இடத்தில் ஒரு சுழி உண்டு, மெ-வுக்கு இல்லை. ரு, ரொ இரண்டிலும் அதேதான், ரு-வுக்கு அடியில் சுழி. ண, ன என்று சுழி எண்ணிப் பழகிய கண் நமக்கு. ஒரே வாரத்தில் பிடிபடும்.

கட்டகனாவில் ஷி, த்ஸு இரண்டும்தான் பெரிய தொல்லை. ஷி எழுத்தில் இரண்டு சின்னக் கோடுகள் இடப்பக்கம் ஒன்றன்கீழ் ஒன்றாக நிற்கும், பெரிய கோடு கீழிருந்து மேலே ஏறும். த்ஸு எழுத்தில் சின்னக் கோடுகள் மேலே பக்கத்தில் பக்கத்தில் இருக்கும், பெரிய கோடு மேலிருந்து கீழே இறங்கும். கண்ணால் பார்த்து மட்டும் பழகினால் இது குழப்பிக்கொண்டே இருக்கும். கையால் இருபது தடவை எழுதுங்கள். கோடு போகும் திசையைக் கை மறக்காது.

3. தமிழ் எழுத்தில் எழுதிப் பழகாதீர்கள்

தமிழ் எழுத்தில் க ஒன்றுதான். ஜப்பானியத்தில் வல்லோசை வேறு எழுத்து, மெல்லோசை வேறு எழுத்து. ஒரு பையன் நோட்டில் ‘ககி’ என்று எழுதி எதிரில் ‘சாவி’ என்று போட்டிருந்தான். நடு எழுத்தை ‘அகம்’ என்பதில் வருகிறதே, அந்த மெல்லோசையில் சொன்னால் அது சாவிதான். ‘அக்கம்’ என்பதில் வரும் வல்லோசையில், அழுத்தாமல் சொன்னால் தின்னும் சிப்பி. அவன் நோட்டில் இரண்டுக்கும் வித்தியாசமே இல்லை. மூன்று மாதம் எழுதிய நோட்டைத் திருப்பி எழுத வேண்டியதாயிற்று.

ஜப்பானிய எழுத்தில் மெல்லோசைக்குத் தலையில் இரண்டு சின்னக் கீற்று விழும். முதல் நாளிலிருந்தே அந்த எழுத்திலேயே எழுதினால் இந்தச் சிக்கல் வராது.

ஆனால் குறில் நெடிலில் நம் காது கூர்மையானது. ஒபஸன் என்றால் அத்தை, சித்தி மாதிரி ஒரு பெண். ஒபாஸன் என்றால் பாட்டி. ஆங்கில வழியாகப் படிப்பவர்கள் இதைக் கேட்டுப் பிரிக்கச் சிரமப்படுவார்கள். நமக்கு அது கல், கால் மாதிரி. ஒற்றும் அப்படித்தான்: கித்தெ என்று ஒற்று அழுந்தி வந்தால் தபால்தலை, ஒற்று இல்லாவிட்டால் ‘வந்து’. அந்த ஒற்றுக்கு ஜப்பானியத்தில் த்ஸு எழுத்தைச் சின்னதாகப் போடுவார்கள்.

4. இலக்கணம்: இருபதாம் பாடத்துக்கு முன் மங்காவைத் தொட வேண்டாம்

பாடப்புத்தகம் முதலில் கற்றுத்தருவது புதிய ஆளிடம் பேசும் மரியாதைப் பேச்சு. தபெமஸு என்றால் சாப்பிடுகிறேன். மங்காவில் அம்மா பிள்ளையிடமும் கூட்டாளி கூட்டாளியிடமும் பேசுகிறார்கள். அங்கே தபெரு, தபெத்த, தபெனய் என்றுதான் வரும். பத்து பாடம் படித்தவருக்கு மங்காவில் ஒரு வினைச்சொல்கூடத் தெரிந்ததாக இருக்காது. படித்ததெல்லாம் வீணோ என்று சோர்ந்துபோவது இந்த இடத்தில்தான்.

மின்னா நோ நிஹோங்கோவில் தெ-வடிவம் 14-ஆம் பாடம், எதிர்மறை 17, அகராதி வடிவம் 18, இறந்தகாலம் 19, வீட்டுப் பேச்சு 20. ஆகவே 20 முடியும்வரை பொறுங்கள். தடைக்காலத்தில் முழுநேரமாக உட்கார்ந்தால் வாரம் நான்கு பாடம் போகும்; வேலைக்குப் போய்க்கொண்டு படித்தால் இரண்டு.

இந்தக் கட்டத்தில் நான் பிடிவாதமாகச் சொல்வது ஒன்று உண்டு. இலக்கணத்தை ஆங்கிலம் வழியாக யோசிக்காதீர்கள். ஜப்பானிய வாக்கியமும் தமிழ் வாக்கியமும் ஒரே போக்கில் போகின்றன, வினை கடைசியில் வரும். ‘நேற்று வாங்கிய புத்தகம்’ என்பதற்குக் கினோ கத்த ஹொன். சொல்லுக்குச் சொல் அதே வரிசை. ‘ஒ’ நம் ‘ஐ’. ‘நி’ பெரும்பாலும் ‘க்கு’. ‘கர’ என்றால் ‘இலிருந்து’, ‘மொ’ என்றால் ‘உம்’, ‘நொ’ என்றால் ‘உடைய’. ‘தொ இயு’ அப்படியே ‘என்று சொல்’.

தெ-வடிவம் நம் ‘செய்து’ என்னும் எச்சம். அதன் பின்னால் வரும் துணைவினையைப் பாருங்கள். தபெதெ இரு: சாப்பிட்டுக்கொண்டு இரு. இங்கே ஒலிகூட ஒன்றாக அமைந்துவிட்டது. தபெதெ மிரு: சாப்பிட்டுப் பார், மிரு என்றால் பார்ப்பதுதான். மொத்தெ குரு: கொண்டு வா. மொத்தெ இகு: கொண்டு போ. கய்தெ ஒகு: எழுதி வை. இந்த ‘ஒகு’வுக்கு ஆங்கிலத்தில் ஒரு பத்தி விளக்கம் வேண்டியிருக்கும். நமக்கு ‘வை’ என்ற ஒரே எழுத்து.

கொரெ, ஸொரெ, அரெ, தொரெ என்னும் சுட்டுகளில் எல்லாரும் தடுமாறுவார்கள். இது, அது, எது என்று மூன்றுக்குச் சரி, ஸொரெ எங்கே போகும்? மண்டபம் இலங்கை அகதிகள் முகாமிலிருந்து வரும் ஒரு பெண்தான் இதை எனக்குத் தெளிவாக்கினாள். “எங்கட அம்மம்மா ‘உது’ எண்டு சொல்லுவா சார். முன்னால நிக்கிற ஆள்கிட்ட இருக்கிறது உது” என்றாள். அதேதான். என் கையில் இருப்பது கொரெ, உன் கையில் இருப்பது ஸொரெ, இரண்டு பேருக்கும் தள்ளி இருப்பது அரெ. தொல்காப்பியம் சொல்லும் அ, இ, உ என்ற மூன்று சுட்டும் அங்கே உயிரோடு இருக்கின்றன. அன்றிலிருந்து வகுப்பில் ஸொரெ என்றால் உது என்றே எழுதுகிறோம்.

இரண்டு இடத்தில் மட்டும் தமிழ் காலை வாரிவிடும். ஒன்று, ‘வ’வும் மெல்லோசை ‘க’வும். எழுவாயில் இப்படி ஒரு பிரிவு நம்மிடம் இல்லை; விதியை மனப்பாடம் செய்வதைவிட நூறு பக்கம் படிப்பது மேல். இரண்டு, கடலில் நீந்துவதும் கடலில் இருப்பதும். நமக்கு இரண்டும் ‘இல்’. அங்கே ஒரு செயல் நடக்கும் இடத்துக்கு ‘தெ’, மெல்லோசையில். வெறுமனே இருக்கும் இடத்துக்கு ‘நி’. இதில் எங்கள் பிள்ளைகள் எல்லாருமே தவறு செய்கிறார்கள். எங்கே பார்த்தாலும் பென்சிலால் வட்டம் போடச் சொல்கிறேன்.

5. முதல் புத்தகத்தைத் தேர்ந்தெடுப்பது

பிடித்த அனிமேயின் மங்காவை எடுக்காதீர்கள். அது பெரும்பாலும் சண்டைக் கதையாகவோ மாயக் கதையாகவோ இருக்கும். ஆசிரியரே உண்டாக்கிய சொற்கள், பழங்கால ராணுவப் பேச்சு என்று நிறைய வரும். அவற்றில் பத்தில் ஒன்றுகூட ஜப்பானில் ஒரு கடையில் நின்று பேச உதவாது.

முதல் புத்தகத்தில் மூன்று விஷயம் பாருங்கள். வீடு, பள்ளி, தெரு என்று அன்றாடம் நடக்கும் கதையாக இருக்க வேண்டும், படமே பாதிப் பொருளைச் சொல்லிவிடும். அத்தியாயம் குட்டியாக இருக்க வேண்டும், ஒன்றை முடித்தோம் என்ற தெம்பு வாரா வாரம் தேவை. எல்லாவற்றுக்கும் மேலாக, சீனத்திலிருந்து வந்த சொல்லெழுத்தான கான்ஜிக்குப் பக்கத்தில் ஃபுரிகானா இருக்க வேண்டும். அந்தக் கான்ஜியை எப்படி வாசிப்பது என்று பொடி எழுத்தில் ஹிராகனாவில் போட்டிருப்பார்கள், அதுதான் ஃபுரிகானா. அது இல்லாவிட்டால் சொல்லை அகராதியில் தேடுவது பெரும்பாடு.

ஷோனென், ஷோஜோ என்று சிறுவர், சிறுமியருக்கு வரும் மங்காக்களில் ஃபுரிகானா இருக்கும். பெரியவர்களுக்கான ஸெய்னென் வகையில் பெரும்பாலும் இருக்காது. நான் முதலில் கையில் கொடுப்பது யோத்ஸுபாதோ. ஒரு சின்னப் பெண்ணின் அன்றாடம்தான் கதை, ஃபுரிகானா உண்டு. சிறு பிள்ளைகளுக்கு டோரேமான். ஆனால் அதில் வரும் கருவிகளின் பெயர்கள் கற்பனை, அவற்றை அகராதியில் தேடி நேரத்தைப் போக்காதீர்கள்.

வாங்குவதற்கு புக்வாக்கரின் ஜப்பானியத் தளம் இருக்கிறது, கிண்டிலும் இருக்கிறது. காசு கொடுக்கும் முன் தமெஷியொமி என்று போட்ட இடத்தைத் தொடுங்கள். முதல் சில பக்கங்களை இலவசமாகக் காட்டும். ஃபுரிகானா இருக்கிறதா, பாதிக்குப் பாதியாவது சொற்கள் தெரிகின்றனவா என்று அங்கேயே பார்த்துக்கொள்ளலாம்.

திருட்டு ஸ்கேன் வேண்டாம். வரைந்தவரின் கூலி அது. படிப்புக்கும் அது கெடுதல்தான்: பொடி எழுத்து மங்கலாகி, இரண்டு கீற்றா சின்ன வட்டமா என்று தெரியாது. ப-வும் அதன் மெல்லோசையும் அந்த ஒரு வித்தியாசத்தில்தான் பிரிகின்றன.

6. பக்கம் ஓடும் திசை

சிவகாசியிலிருந்து வரும் தமிழ் காமிக்ஸில் பழகிய கண் இடமிருந்து வலம் போகும். மங்கா வலப்பக்கம் மேல்மூலையில் தொடங்கி இடப்பக்கம் கீழ்மூலையில் முடியும். ஒரே கட்டத்துக்குள் இருக்கும் பேச்சுக் குமிழிகளுக்கும் அதே விதி. எழுத்து மேலிருந்து கீழே, அடுத்த வரி இடப்பக்கம். இதை மறந்தால் பதில் முதலிலும் கேள்வி பிறகும் வரும். கதை புரியாததற்கு மொழி காரணம் என்று நினைத்துக்கொண்டு இருந்தவர்களைப் பார்த்திருக்கிறேன்.

நெட்டு வரியில் இன்னொரு பொறி உண்டு. கட்டகனாவில் நெடிலைக் காட்டும் கோடு, நெட்டு வரியில் செங்குத்தாக நிற்கும். அதை ஒன்று என்ற எண்ணாகப் படித்துவிடுகிறார்கள். நெட்டு வரியிலும் கான்ஜியில் ‘ஒன்று’ படுத்த கோடுதான். நிற்பது நெடில், படுத்திருப்பது எண்.

சொற்களுக்கு நடுவே இடைவெளி இருக்காது. பல பதிப்பகங்கள் முற்றுப்புள்ளியும் வைப்பதில்லை. ஆனால் குமிழிக்குள் வரி பெரும்பாலும் சொல் முடியும் இடத்தில்தான் மடங்கும். அந்த மடிப்பையே இடைவெளியாக எடுத்துக்கொள்ளுங்கள். குமிழிக்கு வெளியே கையால் கிறுக்கினமாதிரி இருக்கும் குட்டிப் பேச்சுக்கு ஃபுரிகானா இருக்காது. முதல் புத்தகத்தில் அவற்றைத் தாண்டிப் போகலாம்.

7. ஒரே பக்கத்தை மூன்று தடவை

முதல் தடவை அகராதியைத் தொடாமல். படத்தைப் பார்த்து, தெரிந்த சொல்லைப் பிடித்து, என்ன நடக்கிறது என்று தமிழில் ஒரு வரி சொல்லிப் பாருங்கள். தப்பாக இருந்தாலும் பரவாயில்லை. ஊகித்துப் பார்த்த சொல்தான் மனதில் நிற்கிறது.

இரண்டாம் தடவை அகராதியோடு. ஒரு பக்கத்துக்கு ஐந்து சொல்லுக்கு மேல் தேடாதீர்கள். இரண்டு மூன்று முறை வருகிற சொல், அது தெரியாமல் கதை நகராத சொல், இவை மட்டும். எல்லாவற்றையும் தேடியவர்கள் ஒரு பக்கத்துக்கு இரண்டு மணி நேரம் செலவழித்து, நான்காம் நாள் புத்தகத்தை மூடியிருக்கிறார்கள்.

மூன்றாம் தடவை வாய்விட்டு, நிறுத்தாமல். தேடிய சொல் அதனிடத்தில் போய் உட்காருவது இந்தத் தடவையில்தான்.

ஒரு கட்டத்தை எடுத்துப் பிரித்துப் பார்ப்போம். வகுப்புக்காக நானே எழுதியது. வாசலில் ஒரு பையன், வெளியே மழை. அம்மாவின் குமிழி: “அமெ ஃபுத்தெரு யொ.” பையனின் குமிழி: “அ, கஸ வஸுரெச்சத்த!”

அமெ என்றால் மழை. பாடத்தில் படித்த ‘க’ அதன் பின்னால் இல்லை, பேச்சில் உதிர்ந்துவிடும். அடுத்தது ஃபுத்தெரு. இப்படி ஒரு சொல் அகராதியில் இருக்காது. ஃபுத்தெ இரு, அதாவது ‘பெய்துகொண்டு இருக்கிறது’ என்பது சுருங்கி ஃபுத்தெரு ஆகியிருக்கிறது. நாம் ‘பெய்ஞ்சுக்கிட்டிருக்கு’ என்பது மாதிரி. தேட வேண்டிய சொல் ஃபுரு, பெய். கடைசி ‘யொ’ எதிராளிக்குத் தெரியாததைத் தெரிவிக்கும் ஒட்டு. “மழை பெய்யுதுப்பா” என்பதில் வரும் ‘ப்பா’வை வைத்துக்கொள்ளலாம்.

கஸ, குடை. வஸுரெச்சத்தவும் அகராதியில் கிடைக்காது. வஸுரெரு என்றால் மற. வஸுரெதெ என்றால் மறந்து. அதோடு ஷிமத்த, ‘விட்டேன்’. வஸுரெதெ ஷிமத்த பேச்சில் வஸுரெச்சத்த ஆகிறது. மறந்துவிட்டேன், ‘மறந்துட்டேன்’ ஆவது போலவே. சுருங்கும் இடமும் ஒன்று, சுருங்கும் காரணமும் ஒன்று. இதை ஒரு தடவை பார்த்துவிட்டால் இச்சத்த என்றவுடன் ‘போயிருச்சு’ என்று தானாக வாயில் வரும்.

இந்தச் சுருக்கங்களை மட்டும் நோட்டின் கடைசிப் பக்கத்தில் தனியாக எழுதிவாருங்கள். தெ இரு, தெரு ஆகும். தெ ஒகு, தொகு ஆகும். தெ ஷிமவு, சவு ஆகும். ‘அய்’ என்று முடியும் சொல் முரட்டுப் பேச்சில் ஏகாரமாக நீளும்: நய், நே ஆகும். இந்த நான்கு தெரிந்தால், “அகராதியில் இல்லை சார்” என்று கொண்டுவரும் சொற்களில் பெரும்பகுதி தீர்ந்துபோகும்.

தொடக்கத்தில் ஒரு பக்கத்துக்கு நாற்பது நிமிடம் பிடிக்கலாம். கவலைப்படாதீர்கள், புத்தகத்தின் பாதியில் அது பத்துப் பதினைந்து நிமிடமாகிவிடுகிறது.

8. சத்தங்களைத் தாண்டிப் போகாதீர்கள்

படத்தின் மேலேயே பெரிதாக வரைந்திருக்கும் எழுத்தை அலங்காரம் என்று விட்டுவிடுகிறார்கள். அது நம் இரட்டைக்கிளவி. நெஞ்சு தொகிதொகி என்றால் படபடக்கிறது. கிரகிர என்றால் மினுமினுக்கிறது. ஸவஸவ என்றால் கூட்டம் சலசலக்கிறது. ஸாஸா என்றால் மழை சோவென்று கொட்டுகிறது. வயிறு பெகொபெகொ என்றால் அகோரப் பசி. ஒரு சத்தமும் இல்லாத இடத்துக்கும் அவர்களிடம் ஒரு சொல் இருக்கிறது, ஷீன்.

இவற்றைச் சட்டம் போட்டுக் கற்க வேண்டியதில்லை. ‘படபடவென்று’ என்பதில் நாம் ‘என்று’ சேர்க்கிறோம், அவர்கள் அதே வேலைக்குத் ‘தொ’ சேர்க்கிறார்கள். மெல்லோசை வந்தால் பொருள் கனக்கும் என்பதை மட்டும் நினைவில் வையுங்கள். கொரொகொரொ என்று வல்லோசையில் சொன்னால் கூழாங்கல் உருள்கிறது; அதையே மெல்லோசையில் சொன்னால் பாறை உருள்கிறது, இடி உருள்கிறது.

9. சொல் நோட்டும் கான்ஜியும்

நோட்டில் தனிச் சொல்லை எழுதாதீர்கள். அது வந்த வாக்கியத்தை முழுதாக எழுதி, பக்க எண் போட்டு, எதிரே பொருளை உங்கள் ஊர்ப் பேச்சில் எழுதுங்கள். ஆங்கிலப் பொருளைப் பார்த்து எழுதினால் ஒரு சொல்லுக்கு இரண்டு மொழியைச் சுமக்க வேண்டும். இக என்றால் கணவாய், கனி என்றால் நண்டு, ஸப என்றால் கானாங்கெளுத்தி. கையால் தொட்டு வளர்ந்தவனுக்கு நடுவில் ஆங்கிலம் எதற்கு? ஆங்கியில் ஒரு நாளைக்குப் பத்து புதுச் சொல் போதும். ஐம்பது போட்டால் பத்தாம் நாள் திருப்பிப் பார்க்கவே இரண்டு மணி நேரம் ஆகும்.

ஜப்பான் அன்றாடப் பயன்பாட்டுக்கென்று வகுத்திருக்கும் கான்ஜி 2,136. பட்டியலை வைத்துக்கொண்டு ஒன்றிலிருந்து ஆரம்பிக்க வேண்டாம். மங்காவில் வரும் சொல்லோடு சேர்த்து அதன் கான்ஜியைக் கற்றுக்கொள்ளுங்கள். உள்ளே இருக்கும் உறுப்பைப் பார்த்தால் எளிதாகும். இடப்பக்கம் மூன்று துளி தெறித்த மாதிரி இருந்தால் அது ஸன்ஸுய், தண்ணீர். கடல், அலை, துறைமுகம், நீந்துதல் எல்லாவற்றிலும் அந்தத் துளிகளைக் காணலாம். 2004-க்குப் பிறகு நம் கரையில் குழந்தைக்கும் தெரிந்த ஜப்பானியச் சொல் சுனாமி. துறைமுகத்துக்கான எழுத்தும் அலைக்கான எழுத்தும் சேர்ந்த சொல் அது, இரண்டிலும் மூன்று துளி இருக்கிறது. மீன் உறுப்பும் அப்படித்தான். மத்திக்கான கான்ஜியில் மீன் பக்கத்தில் ‘வலுவற்ற’ என்ற எழுத்து நிற்கும். வலையிலிருந்து எடுத்ததும் நைந்துபோகும் மீனைக் கையாண்டவர்கள் அதை மறக்க மாட்டார்கள்.

ஒரு எச்சரிக்கை. சில சமயம் ஆசிரியர் வேண்டுமென்றே ஃபுரிகானாவை மாற்றிப் போடுவார். ஹொன்கி என்று வாசிக்க வேண்டிய கான்ஜிக்குப் பக்கத்தில் மஜி என்று இருக்கும். ‘நிஜமாவா’ என்னும் பேச்சுத் தொனி வர அப்படிச் செய்வார்கள். ஆகவே புதுக் கான்ஜியை நோட்டில் ஏற்றும் முன் அகராதியில் ஒரு தடவை சரிபாருங்கள்.

10. படிக்கலாம், பேசக் கூடாது

மங்கா நாயகன் தன்னை ‘ஒரெ’ என்பான், எதிராளியை ‘ஒமயெ’ என்பான். அவன் வயதுக்கும் இடத்துக்கும் அது பொருந்தும். எங்களிடம் படித்த பையன் ஒருவன் வீடியோவில் நடந்த வேலை நேர்முகத்தில் பதற்றத்தில் ‘ஒரெ’ என்று தொடங்கினான். பத்து நாள் வாங்கிய பயிற்சி அந்த ஒரு சொல்லில் போயிற்று. எதிரே இருந்தவர் முகம் மாறியதைப் பார்த்த பிறகு அவனால் மேற்கொண்டு பேச முடியவில்லை. தவறு என் பேரில்தான். இந்தப் பகுதியை அவனுக்கு முன்பே சொல்லியிருக்க வேண்டும்.

நீங்கள் சொல்ல வேண்டியது வதஷி. எதிராளியைச் சுட்டும் சொல்லே வேண்டாம், பெயரோடு ‘ஸன்’ சேர்த்துக் கூப்பிடுங்கள். வினை ‘மஸு’வில் முடியட்டும். கிழவர்கள் ‘வஷி’ என்பதும் முரடர்கள் ‘ஸெ’, ‘ஸொ’ என்று முடிப்பதும் படிக்கும்போது யார் பேசுகிறார் என்று அடையாளம் காணத்தான். நோட்டில் அப்படிப்பட்ட சொல் எதிரே சிவப்பில் ஒரு கோடு போட்டுவையுங்கள். அதனால்தான் மங்கா தொடங்கிய பிறகும் பாடப்புத்தகத்தை விடக் கூடாது என்கிறேன். இரண்டு நாள் மங்கா, ஒரு நாள் பாடம் என்று மாற்றி மாற்றிப் போகலாம்.

தெரியாத ஆளையும் உறவு சொல்லிக் கூப்பிடுவதை மட்டும் தாராளமாகக் கவனித்துக் கற்றுக்கொள்ளலாம். நம் ஊரில் அண்ணே, அக்கா என்பதுபோல அங்கேயும் வழிப்போக்கரை ஒனீஸன், ஒனேஸன் என்று பிள்ளைகள் கூப்பிடும். எந்த வயதுக்காரர் யாரை எப்படிக் கூப்பிடுகிறார் என்பதற்குப் படத்தோடு கிடைக்கும் பாடம் அது.

11. முதல் புத்தகம் முடிந்ததும்

உடனே வேறு கதைக்குத் தாவாதீர்கள். அதே தொடரின் இரண்டாம் புத்தகத்தை எடுங்கள். ஒரே ஆட்கள், ஒரே பேச்சு, ஒரே சொற்கள். முதல் புத்தகத்தில் உழைத்ததற்குக் கூலி இரண்டாவதில்தான் கிடைக்கும்.

தேர்வு எழுதுவதாக இருந்தால், ஜேஎல்பிடி என்னும் ஜப்பானிய மொழித் திறன் தேர்வு ஆண்டுக்கு இரண்டு தடவை, ஜூலையிலும் டிசம்பரிலும் முதல் ஞாயிற்றுக்கிழமை. சென்னையில் மையம் உண்டு. எளிய நிலையான என்5-இல் மொத்தம் 180-க்கு 80 எடுக்க வேண்டும். தேர்வுக்கு ஆறு வாரம் முன்பு மங்காவை மூடி வைத்துவிட்டு, பாடத்தையும் காதால் கேட்கும் பயிற்சியையும் மட்டும் பாருங்கள். கேட்டுப் பதில் எழுதும் பகுதிக்கு மங்கா உதவாது, அதில்தான் மங்கா பிள்ளைகள் மதிப்பெண்ணை விடுகிறார்கள்.

இரண்டாம் புத்தகத்தைத் திறக்கும் முன் ஒரு வேலை. முதல் புத்தகத்தின் முதல் அத்தியாயத்தை நோட்டைப் பார்க்காமல் இன்னொரு தடவை படியுங்கள். அன்று ஐந்து ஐந்தாகத் தேடிய சொற்களில் இன்று எத்தனை தெரியவில்லை என்று எண்ணி, தேதியோடு நோட்டில் எழுதி வையுங்கள். எங்கள் நோட்டுகளில் அதை ‘கய்தெ ஒகு’ பக்கம் என்று சொல்கிறோம்.